தன்னை அறிந்தவருக்குப் பிறர் கண்டுகொள்வது தேவையா?

கேள்வி: 27 ஜனவரி 2025

எனக்கு வயது 29. மும்பையின் பவாய் பகுதியில் ஒரு மென்பொருள் நிறுவனத்தில் வேலை செய்கிறேன். ஏழு மாதம் நான் தலைமேல் சுமந்த ஒரு வேலை முடிந்து, அதற்கு நடந்த பாராட்டுக் கூட்டத்தில் என் பெயர் ஒரு முறைகூடச் சொல்லப்படவில்லை; குழுத் தலைவர் தம் பெயரோடு நிறுத்திக்கொண்டார். அன்றிலிருந்து சரியான தூக்கமில்லை. தன்னைத் தான் அறிந்தவருக்குப் பிறருடைய அங்கீகாரம் எதற்கு என்பதுதான் நான் இதுவரை நம்பிவந்த கொள்கை. கொள்கை சரி, நான்தான் பலவீனமாகிவிட்டேன் என்று நினைக்கிறேன். மறுப்பவர்கள் உண்டா?

28 ஜனவரி 2025, இரவு 10.15

மறுக்கிறேன், தம்பி. தங்கள் கொள்கை ஆளில்லாத தீவில் செல்லும். தாதர் ரயில் நிலையத்தில் செல்லாது.

அங்கீகாரம் என்ற சொல்லிலேயே ஒரு ரப்பர் முத்திரை ஒட்டிக்கொண்டிருக்கிறது. அது மேலே இருப்பவர் கீழே இருப்பவருக்குத் தருவது. பள்ளிக்கு அரசு தருவது, சங்கத்துக்குப் பதிவாளர் தருவது. தங்கள் குழுத் தலைவர் தர மறுத்தது அதைத்தான். ஆனால் தங்கள் தூக்கத்தைக் கெடுத்தது அது அன்று என்று எனக்குத் தோன்றுகிறது. வீட்டுத் தமிழில் வேறொரு சொல் இருக்கிறது: கண்டுகொள்வது. கல்யாண வீட்டில் சித்தப்பா என்னைக் கண்டுகொள்ளவே இல்லை என்று ஒருவர் புலம்பினால், சித்தப்பாவின் கண்ணில் கோளாறு என்று யாரும் மருத்துவரைத் தேடுவதில்லை. அவர் பார்த்தார், பார்த்ததைக் காட்டவில்லை. முகம் கொடுத்துப் பேசவில்லை என்கிறோம், முகம் என்பது எடுத்துக் கொடுக்கும் பண்டம் என்பது போல. அந்தப் பண்டத்துக்குத்தான் மனிதர் ஏங்குகிறார்கள். முத்திரை கிடைத்தும் முகம் கிடைக்காதவர்கள் பலரை 37 ஆண்டு அலுவலக வாழ்க்கையில் பார்த்திருக்கிறேன், அவர்களுக்கும் தூக்கமில்லை.

எனக்கு வயது 63. தாராவியில் பிறந்தவன், இப்போது முலுண்டில் இருக்கிறேன். இதைப் பற்றிச் சொல்ல என்னிடம் சில உண்டு, வரிசையாக வராது.

29 ஜனவரி 2025, காலை 7.05

கேள்வி கேட்டவர் பெண் என்று எழுதியிருக்கிறார். கண்டுகொள்வதைப் பற்றி இவ்வளவு நீட்டி முழக்கிய பதிவின் முதல் வரியிலேயே ஆளை மாற்றிக் கண்டிருக்கிறேன். மன்னிக்க வேண்டும், அம்மா. மேலே உள்ளதை அழிக்காமல் விடுகிறேன். எனக்கு அது நல்ல பாடம்.

30 ஜனவரி 2025, இரவு 9.40

என் அப்பா இட்லி விற்றார். திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து வந்து, தாராவிச் சந்து ஒன்றில் பத்துக்குப் பத்து அறையில், அதிகாலை இரண்டரை மணிக்கு அடுப்பு மூட்டி, ஐந்தரைக்கெல்லாம் சைக்கிளின் பின்னால் அலுமினியத் தேக்சாவைக் கட்டிக்கொண்டு மாட்டுங்கா, வடாலா, இந்து காலனி என்று சுற்றுவார். கைப்பிடியில் ஒரு ரப்பர் ஹாரன். அதை அமுக்கினால் பாம், பாம் என்று கத்தும். கட்டடங்களின் சன்னல்கள் திறக்கும். சன்னலிலிருந்து வரும் குரல் எல்லா மாடியிலும் ஒன்றுதான்: ‘ஏ அண்ணா!’

தமிழில் அண்ணா என்பது உறவு. அழைப்பவர் இளையவர் என்ற கணக்கு அதற்குள் இருக்கிறது. இந்த ஊரில் அது தென்னிந்தியச் சிற்றுண்டி விற்பவர் என்று பொருள்படும் ஒரு வகைப்பெயர். எழுபது வயதுக் கிழவி என் முப்பத்தைந்து வயது அப்பாவை அண்ணா என்று அழைத்தாள். இருபத்தேழு ஆண்டு அந்தத் தெருக்களில் அவர் தினமும் போனார். அவர் பெயர் அங்கே ஒருவருக்கும் தெரியாது. ஒரு நாள், எனக்குப் பதினான்கு வயதிருக்கும், ‘உங்களுக்கு அது வருத்தமாக இல்லையா?’ என்று கேட்டேன். ‘கூப்பிடுதாங்கல்லா, அது போதும்’ என்றார்.

அன்று அந்தப் பதில் எனக்குக் கோபத்தை உண்டாக்கியது. கூப்பிடுவதற்கும் கண்டுகொள்வதற்கும் வேறுபாடு தெரியாத மனிதர் என்று நினைத்தேன். பெயர் தெரியாத ஒருவரை ஒரு பொதுச்சொல்லால் அழைப்பது அவரை ஒரு சீருடைக்குள் நிறுத்துவதாகும் என்றுதான் இன்றைக்கும் நினைக்கிறேன்.

2 பிப்ரவரி 2025, பிற்பகல்

முன் பதிவில் இரண்டு திருத்தங்கள்.

ஒன்று, மராத்தியிலும் அண்ணா என்பது மரியாதைச் சொல்தான். மூத்தவர்களை, சில வீடுகளில் தந்தையைக்கூட, அப்படி அழைப்பார்கள். ஆகவே சன்னலிலிருந்து வந்த குரல்களில் எத்தனை மரியாதையால் வந்தன, எத்தனை வகைப்பெயராக வந்தன என்று நான் கீழே நின்றுகொண்டு தீர்ப்புச் சொல்ல முடியாது.

இரண்டு, இது நேற்று இரவு படுத்திருக்கும்போது உறைத்தது: அப்பாவுக்கும் அவர்களுடைய பெயர்கள் தெரியாது. வீட்டுக்கு வந்து அம்மாவிடம் கணக்குச் சொல்லும்போது அவர் சொல்வது இப்படித்தான்: ‘மூணாவது மாடி ஆறு இட்லி ரெண்டு நாளா வரலை, ஊருக்குப் போயிருக்கும் போல.’ ‘பச்சைக் கதவு பத்து இட்லிக்கு உடம்பு சரியில்லை.’ ஒரு பேராசிரியர் இறந்தபோது, ‘நாலு இட்லி, சட்னி வேண்டாம், போய்ட்டாரு’ என்று சொல்லிவிட்டு அப்பா அன்று சாப்பிடவில்லை. பெயரே தெரியாமல் ஒருவருக்காக ஒரு வேளை பட்டினி கிடக்கலாம் என்றால், பெயரைக் கண்டுகொள்வதோடு நான் கட்டிவைத்த முடிச்சை அவிழ்க்கத்தான் வேண்டும்.

4 பிப்ரவரி 2025, இரவு 11.00

கேட்டவர் சொல்கிறார்: அப்படியானால் எல்லோரும் எப்போதும் கண்டுகொள்ளப்படவே விரும்புகிறார்கள் என்று ஆகிவிடுமே. இல்லை. ஆளைத் தெரியாமல் இருந்தால் போதும் என்று வேண்டிக்கொண்ட காலமும் உண்டு.

1960-களின் பிற்பகுதியில் இந்த நகரத்தின் சுவர்களிலும் ஊர்வலங்களிலும் தென்னிந்தியர்களுக்கு எதிராக ‘பஜாவ் புங்கி, ஹடாவ் லுங்கி’ என்ற முழக்கம் இருந்தது. ஊதலை ஊது, லுங்கியை விரட்டு என்று பொருள். நான் சிறு பிள்ளை. அப்பா அந்த நாள்களில் லுங்கியைக் களைந்து காக்கி அரைக்கால் சட்டைக்கு மாறினார். இட்லியை மறைக்க முடியாது, ஹாரனை மறைக்க முடியாது. இடுப்புத் துணியை மட்டும் மாற்றிக்கொண்டார். பிறகு அவர் லுங்கிக்குத் திரும்பியதே இல்லை. ஊருக்குப் போனபோது பெரியப்பா அவருடைய அரைக்கால் சட்டையைப் பார்த்துவிட்டு, ‘பம்பாய்க்காரன் ஆயிட்டான்’ என்றார். பம்பாயில் மதராஸி, ஊரில் பம்பாய்க்காரன். இரண்டு இடத்திலும் அவரைக் கண்டுகொண்டார்கள், இரண்டு இடத்திலும் வேறொருவராக.

எனக்கும் ஒரு மறைப்பு இருந்தது. 1985-இல் வேலைக்கு விண்ணப்பம் போட்டபோது முகவரியில் தாராவி என்று எழுதவில்லை. சயான் என்று எழுதினேன். எங்கள் தலைமுறையில் தாராவியில் பிறந்து படித்தவர்கள் பலரும் சயான்காரர்களாகவோ மாஹிம்காரர்களாகவோதான் வேலைக்குப் போனார்கள். இதில் ஒரு வேடிக்கை. அலுவலகம் சர்ச்கேட்டில் இருந்தது. மாஹிமில் இறங்கியிருந்தால் வண்டி மாறாமலே வீடு வந்திருக்கலாம். சயான் என்று சொல்லிவிட்டதால், கூட வருபவர்களின் முன்னிலையில், தாதரில் இறங்கி, மேம்பாலம் ஏறி, மத்திய ரயில் பிடித்து, சயானில் இறங்கி நடப்பேன். ஒரு சொல்லைக் காப்பாற்ற ஐந்து ஆண்டு தாதர் பாலம் ஏறினேன். 1990-இல் பெற்றோரையும் அழைத்துக்கொண்டு முலுண்டுக்கு வந்த பிறகுதான் அந்தப் பாலம் எனக்கு நேர்மையான வழியாயிற்று.

7 பிப்ரவரி 2025, இரவு 10.30

அந்தப் பாலத்தைப் பற்றிப் பேச்சு வந்துவிட்டதால் இதையும் சொல்கிறேன்.

எங்கள் சந்தில் எனக்கு ஒரு பட்டப்பெயர் இருந்தது: பாம்பாம். அப்பாவின் ஹாரன்தான் காரணம். அதை எனக்கு வைத்தவன் எதிர்வீட்டுத் தோழன். ஏழாம் வகுப்பு வரை மாநகராட்சித் தமிழ்ப் பள்ளியில் என்னோடு படித்துவிட்டு, தோல் பை தைக்கும் பட்டறைக்குப் போனவன். 1994-இல் ஒரு நாள் மாலை, அலுவலகத் தோழர்கள் மூவரோடு தாதர் பாலத்தில் போய்க்கொண்டிருந்தபோது பின்னாலிருந்து, ‘ஏலே பாம்பாம்!’ என்று ஓர் அழைப்பு வந்தது. கூட்ட இரைச்சலில் எனக்குச் சரியாகக் கேட்கவில்லை. வண்டிக்கு நேரமாகிவிட்டதால் வேகமாக இறங்கிவிட்டேன். முலுண்டு வந்து சேர்ந்த பிறகுதான் அது அவனாக இருக்குமோ என்று தோன்றியது. அழைத்தவருக்கு எப்படி இருந்திருக்கும் என்று இன்றுவரை உறுத்துகிறது. கண்டுகொள்ளப்படாமல் போவது எப்படிப்பட்டது என்று தங்களுக்கு எழுதும் தகுதி எனக்கு அங்கிருந்துதான் வந்தது.

11 பிப்ரவரி 2025, அதிகாலை 4.20

கேட்டவர் பொல்லாதவர். நான்கு நாளாக ஒரே ஒரு வரியை வைத்து என்னை உறங்கவிடவில்லை: ‘ஐயா, தன் பெயர் எந்த இரைச்சலிலும் ஒருவருக்குக் கேட்கும் என்று படித்திருக்கிறேன்.’

நானும் தேடிப் படித்தேன். 1953-இல் காலின் செர்ரி என்ற ஆங்கிலேய ஆய்வாளர், ஒருவருடைய இரு காதுகளிலும் இரு வேறு பேச்சுகளை ஒலிக்கவிட்டு, ஒன்றை மட்டும் கவனித்துத் திருப்பிச் சொல்லச் சொன்னார். மற்றக் காதில் என்ன பேசப்பட்டது என்று கேட்டால் அவர்களால் ஏறக்குறைய எதையும் சொல்ல முடியவில்லை. 1959-இல் நெவில் மோரே அதே சோதனையில், கவனிக்காத காதுக்குள் கேட்பவருடைய பெயரையே நுழைத்துப் பார்த்தார். ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கினர் அதைக் கேட்டுவிட்டார்கள். வேறெதுவும் நுழையாத இடத்தில் பெயர் நுழைந்தது.

மூன்றில் ஒரு பங்கினர்தான், எல்லோரும் அல்லர். கேட்காமல் போன மற்ற இரண்டு பங்கினருக்குள் நானும் ஒளிந்துகொள்ளலாம். அறிவியலே எனக்கு இடம் தருகிறது. நேற்று இரவு பன்னிரண்டு மணி வரை அந்த இடத்தில்தான் உட்கார்ந்திருந்தேன்.

எனக்குக் கேட்டது. முதல் முறையே தெளிவாகக் கேட்டது. கழுத்து தானாகத் திரும்பியது. பாதித் திருப்பத்தில் நிறுத்தினேன். தலைகளின் வரிசையும், அவற்றுக்கு மேலே உயர்ந்த ஒரு கையும் தெரிந்தன. இரண்டாம் முறை அழைப்பு வந்தபோது கூட வந்தவர்களில் ஒருவர், ‘யாரையோ உங்கள் பாஷையில் கூப்பிடுகிறார்கள்’ என்றார். ‘இங்கே யாரை யார் அழைக்கிறார்கள் என்று யாருக்குத் தெரியும்?’ என்று இந்தியில் சொன்னேன். சொன்னபடியே படியிறங்கினேன். வண்டிக்கு நேரமாகவில்லை, நடைமேடையில் பத்து நிமிடம் நின்றோம். அந்தப் பத்து நிமிடமும் நான் படிக்கட்டுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நின்றேன்.

ஏழாம் தேதிப் பதிவில் ‘சரியாகக் கேட்கவில்லை’ என்று எழுதியிருப்பது பொய். முப்பத்தோரு ஆண்டாக வீட்டிலும் அப்படித்தான் சொல்லிவந்தேன்.

11 பிப்ரவரி 2025, இரவு

காலையில் எழுதியதற்கு ஒரு பின்குறிப்பு. மோரே சோதித்தது முறையான பெயர்களை. பட்டப்பெயருக்கும் அது பொருந்துமா என்று ஒருவர் கேட்டிருக்கிறார். பொருந்தும் என்று என் கழுத்து சாட்சி சொல்லும்.

13 பிப்ரவரி 2025, இரவு 9.15

அந்த மூன்று அலுவலகத் தோழர்களுக்கு என் பெயர் என்ன என்று சொன்னால் சிரிப்பீர்கள்.

நம்முடைய பெயர் வழக்கு தகப்பனார் பெயரின் முதலெழுத்தும் நம் பெயரும். இங்கே தன் பெயர், தகப்பனார் பெயர், குடும்பப் பெயர் என்று மூன்று கட்டங்கள். என்னிடம் இரண்டுதான் இருந்தன. வேலையில் சேர்ந்த அன்று எழுத்தர் முதல் கட்டத்தில் என்னையும் கடைசிக் கட்டத்தில் அப்பாவையும் நிரப்பிவிட்டு, நடுக் கட்டத்தில் ஒரு கோடு இழுத்தார். குடும்பப் பெயரால் அழைப்பது அலுவலக வழக்கமாக இருந்ததால், மறுநாளிலிருந்து நான் மிஸ்டர் அப்பா ஆனேன். அப்பாவின் பெயர் எங்கள் ஊர்க் காவல் தெய்வத்தின் பெயர், வாய்நிறைய ஒலிக்கும். அதை மராத்தியும் குஜராத்தியும் பேசும் நாக்குகள் படாத பாடு படுத்தின. (அந்தப் பெயர் என்ன என்று தனிச்செய்தியில் கேட்கிறார்கள். சொல்ல மாட்டேன்.)

முதலில் கூச்சமாக இருந்தது. யாரோ அப்பாவை மரியாதைக் குறைவாக ஏவுவதுபோல இருக்கும். ‘கணக்கு முடிந்ததா?’ என்று மேலாளர் அந்தப் பெயரைச் சொல்லிக் கேட்டால், இட்லிக் கணக்கைக் கேட்கிறார் என்று தோன்றும். திருத்தச் சொல்லிக் கேட்கலாம் என்று இரண்டு முறை கிளம்பி, பாதியில் திரும்பினேன். இருபத்தேழு ஆண்டு ஒரு சன்னலிலும் ஒலிக்காத பெயர், 37 ஆண்டு ஒரு நாளைக்கு இருபது முறை அந்த மாடியில் ஒலித்தது. அப்பா 2001-இல் இறந்தார். பன்னிரண்டாம் நாள் முடிந்து அலுவலகம் போனேன். உள்ளே நுழைந்ததும் காவலாளி வழக்கம்போல அப்பாவின் பெயரைச் சொல்லி வணக்கம் சொன்னார். கழிவறைக்குப் போய்க் கதவைத் தாழிட்டுக்கொண்டேன்.

இதை அவருக்கு வாழ்நாளில் நான் சொல்லவில்லை. அலுவலகத்தில் உங்கள் பெயரால்தான் என்னை அழைக்கிறார்கள் என்று சொல்ல எத்தனை நொடி ஆகும்? சொன்னால் ‘யார் கூப்பிடுதா, எதுக்கு?’ என்று விவரம் கேட்பார், ஒரு நாள் பார்க்க வருகிறேன் என்பார் என்று பயந்தேனோ என்னவோ.

14 பிப்ரவரி 2025

கைரேகை இயந்திரங்களைப் பற்றி ஒருவர் கேட்டிருப்பதற்குச் சுருக்கமாக: ஆதார் எண் முதன்முதலில் வழங்கப்பட்டது நம் மகாராஷ்டிரத்தில்தான், நந்துர்பார் மாவட்டத்து டெம்பிலி கிராமத்தில், 29 செப்டம்பர் 2010-இல். கைவேலை செய்து தேய்ந்த விரல்களில் ரேகை பதிவது கடினம் என்பது அப்போதிருந்தே தெரிந்த சிக்கல். அதற்காகத்தான் கருவிழியையும் எடுக்கிறார்கள். முப்பது ஆண்டு மாவரைத்து, ஆவியில் இட்லித் துணி உரித்த என் அம்மாவின் பத்து விரலையும் இயந்திரம் ஏற்கவில்லை. வீட்டுக்கு வரும் வழியில் அவர் தம் உள்ளங்கையைத் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டு வந்தார். ‘நான் யாருன்னு அதுக்குத் தெரியலையாம்’ என்று வீட்டில் எல்லோரிடமும் சொல்லிச் சிரித்தார். கண்ணை வைத்து அவரை ஏற்றுக்கொண்டார்கள். இங்கேயும் கண்தான்.

16 பிப்ரவரி 2025, ஞாயிறு

கேட்டவரின் அலுவலகத்துக்கு வருவோம். அவரை மறந்து என் கதையில் மூழ்கிவிட்டேன்.

ஹெகல் என்ற ஜெர்மன் தத்துவ அறிஞர் 1807-இல் ஆண்டானையும் அடிமையையும் வைத்து ஒரு சிக்கலை எழுதினார். இருவர் மோதுகிறார்கள், ஒருவர் பணிகிறார். ஆண்டானுக்கு இப்போது பணிவு கிடைக்கிறது, ஆனால் அது தன்னால் ஆளாக மதிக்கப்படாத ஒருவரிடமிருந்து வருகிறது. அப்படிப்பட்ட பணிவு அவன் பசியை ஆற்றாது. இதை நான் மேசைக்கு அந்தப் பக்கமும் இந்தப் பக்கமும் இருந்து சரிபார்த்திருக்கிறேன். ஓய்வுபெற்ற நாளில் எனக்குக் கிடைத்த பித்தளைத் தட்டில் என் பெயரை, அதாவது அப்பாவின் பெயரை, தவறாகச் செதுக்கியிருந்தார்கள். அது என்னைப் பாதிக்கவில்லை. அதைக் கொடுத்தவர் முந்தைய மாதம்தான் வேலையில் சேர்ந்தவர். அவர் என்னைத் தவறாக அறிய வழியே இல்லை, ஏனென்றால் அவர் என்னை அறியவே இல்லை. தாதர் பாலத்தில் வந்த அழைப்போ சிறுவயது முழுவதையும் அறிந்த இடத்திலிருந்து வந்தது. அதற்குத்தான் நான் முதுகு காட்டினேன்.

இத்தனை நாள் எழுதியதில் எனக்குத் தெளிவானது இது. பிறர் நம்மைக் கண்டுகொள்ள வேண்டும் என்பதைப் பற்றி எல்லோரும் பேசுகிறோம். நாம் பிறரைக் கண்டுகொள்வதற்கு ஒரு விலை இருக்கிறது என்பதைப் பேசுவதில்லை. பாலத்தில் நான் திரும்பியிருந்தால் பாம்பாம் யார், ஹாரன் யாருடையது, சந்து எங்கே என்று மூன்று கேள்விகளுக்கு விடை சொல்லியிருக்க வேண்டும். சயான் உடைந்திருக்கும். அந்த விலையைக் கொடுக்க அன்று எனக்கு மனம் இல்லை. தங்கள் குழுத் தலைவரும் தங்கள் பெயரைச் சொல்லியிருந்தால் எதையோ இழந்திருப்பார். அது அவரைக் குற்றமற்றவராக ஆக்காது. ஆனால் அவர் தங்களைப் பார்க்காதவர் என்று எண்ண வேண்டாம். நன்றாகப் பார்த்தவர்தான் அவ்வளவு கவனமாகப் பெயரைத் தவிர்க்க முடியும்.

ஒரு கேள்வி, அம்மா, கோபித்துக்கொள்ள வேண்டாம்: அந்த ஏழு மாத வேலையில் தங்களுக்குக் கீழே யாராவது இருந்தார்களா?

19 பிப்ரவரி 2025

பதில் இன்னும் வரவில்லை. கேட்டிருக்கக் கூடாதோ.

இடையில் பெயர் பற்றிய ஒரு செய்தி. மகாராஷ்டிரத்தில் 1 மே 2024 முதல் பிறந்த குழந்தைகளின் பெயரை அரசு ஆவணங்களில் குழந்தையின் பெயர், தாயின் பெயர், தகப்பனார் பெயர், குடும்பப் பெயர் என்ற வரிசையில் எழுத வேண்டும். என் பேத்தி 2024 ஜூலையில் பிறந்தாள். சான்றிதழில் அவள் பெயருக்கு அடுத்து என் மகளின் பெயர் நிற்கிறது. நல்ல ஏற்பாடு, நான் குறை சொல்லவில்லை. பெயர் சான்றிதழின் ஒரு வரியில் அடங்காமல் அடுத்த வரிக்கு மடங்கியிருக்கிறது என்பதை மட்டும் பதிவு செய்கிறேன். ஒற்றை எழுத்தில் தகப்பனாரை மடித்து வைத்த எங்கள் ஊர்க்காரர்கள் சிக்கனமானவர்கள்.

24 பிப்ரவரி 2025, இரவு 11.45

நேற்று ஞாயிற்றுக்கிழமை தாராவிக்குப் போனேன். பெற்றோரை அழைத்து வந்த பிறகு நான் அங்கே போனது மொத்தம் நான்கு முறை இருக்கும், எல்லாம் சாவு வீடுகளுக்கு, தலையைக் குனிந்துகொண்டு.

தொண்ணூறு அடிச் சாலை அடையாளம் தெரிந்தது; சந்து தெரியவில்லை. கதவுகளிலெல்லாம் மறுசீரமைப்புக் கணக்கெடுப்பு எண்கள். அந்தக் கணக்கெடுப்பு 2024 மார்ச்சில் தொடங்கியது. 1 ஜனவரி 2000-க்கு முன்பிருந்தே தரைத்தளத்தில் இருப்பவர் என்று காட்ட முடிந்தவருக்கு தாராவிக்குள்ளேயே 350 சதுர அடி வீடு இலவசம். மேல்தளத்தில் இருப்பவருக்கு வேறெங்கோ. தகுதி உடையவர் பாத்ர, இல்லாதவர் அபாத்ர. நம் தமிழர்களும் அந்த மராத்திச் சொற்களையே பேசுகிறார்கள். ‘அவன் பாத்ர, நான் அபாத்ர’ என்று ஒரு பெரியவர் டீக்கடையில் சொல்லிக்கொண்டிருந்தார். பாத்திரம் அறிந்து பிச்சையிடு என்ற பழமொழியை நினைத்துக்கொண்டேன். முத்திரையையும் முகத்தையும் முதல் பதிவில் அவ்வளவு எளிதாகப் பிரித்தேனே, முத்திரை இல்லாவிட்டால் முகத்தை வைத்துக்கொள்ள ஒரு கூரையும் இல்லாதவர்களை அப்போது நான் நினைக்கவில்லை. அந்தப் பத்தி ஓய்வூதியக்காரர் எழுதியது.

தோழன் இருந்தான். கீழே பட்டறை, மேலே குடியிருப்பு. ஏணிப்படியில் ஏறித் தலையை நீட்டியபோது அவன் பாயில் உட்கார்ந்து மருந்துப் பட்டையைக் கத்தரித்துக்கொண்டிருந்தான். என்னைப் பார்த்தான். ஒரு மூச்சு நேரம். ‘ஏலே, பாம்பாம்’ என்றான். குரல் எழுப்பவில்லை, வியக்கவும் இல்லை. காலையில் போனவன் மாலையில் திரும்பியதுபோலச் சொன்னான்.

டீ வந்தது. அவன் மருமகள் இறங்கிப் போனதும், நான் இருபது நிமிடம் ஒத்திகை பார்த்து வந்ததைச் சொன்னேன். தாதர், 1994, பாலம், கேட்டது, கேட்காதது போல் போனது, எல்லாவற்றையும். அவன் குறுக்கிடாமல் கேட்டான். பிறகு, ‘தொண்ணூத்திநாலா?’ என்றான். ‘நான் தொண்ணூத்திரெண்டுல இருந்து தொண்ணூத்தாறு வரைக்கும் ஊர்ல கெடந்தேன் லே. அப்பாவுக்கு வாதம். நான் பம்பாய்லேயே இல்லை.’

25 பிப்ரவரி 2025, காலை

நேற்று அதற்கு மேல் எழுத முடியவில்லை. என் மனம் வருந்தக் கூடாது என்று அவன் பொய் சொல்கிறானோ என்று எண்ணி, ஆண்டுகளைக் கிளறிப் பார்த்தேன். அவன் அப்பா இறந்தது 1996 என்று ஊரிலிருக்கும் என் அத்தை மகன் உறுதி செய்தார். மகன்தான் நான்கு ஆண்டு உடனிருந்து பார்த்தான் என்பதும் ஊரறிந்தது. ஆக, அது அவன் இல்லை. பெயரை வைத்தவன் அவன் என்பதால் அழைத்தவனும் அவனே என்று நானாக முடிவு செய்துவிட்டேன். முப்பத்தோரு ஆண்டு தவறான ஆளிடம் கடன்பட்டிருந்தேன். புறக்கணித்ததிலும் ஆள்மாறாட்டம்.

27 பிப்ரவரி 2025

கேட்டவர் பதில் எழுதியிருக்கிறார். ஒப்பந்தத்தில் வந்த சோதனையாளர் ஒருவர் இருந்தாராம், நான்கு மாதம். அவர் முழுப்பெயரை இப்போது பழைய மின்னஞ்சலைத் திறந்துதான் பார்க்க வேண்டியிருந்தது என்கிறார். அதற்குமேல் அவர் எழுதவில்லை, நானும் கேட்கவில்லை.

2 மார்ச் 2025, ஞாயிறு, இரவு

இன்றைக்கும் போயிருந்தேன். போனது வேறு வேலைக்கு. அவன் பெயர் ரேஷன் அட்டையில் ஒருவிதமாக, வாக்காளர் அட்டையில் வேறுவிதமாக, ஆதாரில் மூன்றாவது விதமாக இருக்கிறது. ‘ஆபீஸ்ல இருந்தவன்தானே, இந்த மூணு பேரையும் ஒருத்தனாக்கிக் குடு’ என்றான். மூன்றும் ஒருவரே என்று நோட்டரி முன்னிலையில் பிரமாணப் பத்திரம் எழுத வேண்டும். இரண்டு மணி நேரம் உட்கார்ந்து வரைவு எழுதினேன்.

முடித்தபின், என்னைப் பாம்பாம் என்று அழைத்தவர்கள் யார் யார் என்று இருவரும் விரல் விட்டு எண்ணினோம். பதினொரு பேர் வந்தார்கள். நான்கு பேர் இறந்துவிட்டார்கள். ஒருவன் ஷார்ஜாவில். ஒருவன் 1994-இல் தாதரில் பூ விற்றுக்கொண்டிருந்தான் என்று தோழன் சொல்கிறான். எனக்கு அவன் முகமே நினைவில்லை. ‘பூக்காரனா இருந்தா இதையெல்லாம் அன்னிக்கே மறந்திருப்பான்’ என்றான். ‘தினமும் ஆயிரம் பேரைக் கூப்பிட்டவன்.’

3 மார்ச் 2025, காலை 6.30

திருத்தம். பதினொரு பேர் அல்லர், பன்னிரண்டு. தண்ணீர்க் குழாய் ஓரத்து வீட்டுப் பெண்ணை விட்டுவிட்டோம். அவளும் என்னை ஏலே என்றுதான் அழைப்பாள், அப்பாவின் ஹாரனைப் போலவே வாயால் ஊதிக் காட்டுவாள். அழைத்தது ஆண்குரல் என்று நான் எங்காவது எழுதியிருக்கிறேனா என்று மேலே போய்ப் படித்துப் பார்த்தேன். தோழன் என்று எழுதியிருக்கிறேன், உயர்ந்த கை என்று எழுதியிருக்கிறேன். குரலைப் பற்றி ஒன்றும் இல்லை. இப்போது கண்ணை மூடிக் கேட்டால் இரண்டு விதமாகவும் கேட்கிறது.